கண்டியா, தியத்தலாவையா, வழிகாட்டி தேவையா? மலைநாட்டில் யுத்த கால இடங்களை ஒரே நாளில் பார்க்க நினைப்பவர்களுக்கு

கோத்தகிரியில் இருக்கும் பெரியப்பா மகன் போன மாசியில் இரண்டு கிழமை எங்கள் வீட்டில் வந்து தங்கியிருந்தார். தோட்டத் தமிழர்களில் ஒரு பகுதியை இந்தியாவுக்கு அனுப்ப இரு நாடுகளும் செய்த சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தில் பெரியப்பா குடும்பம் தலைமன்னாரில் கப்பலேறியபோது அண்ணனுக்கு ஏழு வயது. பிறகு குன்னூர் வெலிங்டனில் மெட்ராஸ் ரெஜிமெண்டில் சேர்ந்து ஹவில்தாராக ஓய்வு பெற்றவர். வந்ததும் பிறந்த லயத்தை, அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டைப் பார்த்தார், காமன் கூத்து நடக்கும் திடலைப் பார்த்தார், தன்னோடு படித்தவர்களில் மிச்சமிருக்கும் இரண்டு பேரைத் தேடிப் பிடித்துப் பேசினார். மூன்றாம் நாள் இரவு சாப்பிடும்போது கேட்டார்: "தம்பி, கண்டியில ரெண்டாம் உலகப் போர்ல செத்தவங்க கல்லறை இருக்காமே, நம்ம ஆளுங்களும் அங்க படுத்திருக்காங்களாமே, ஒரு நாள்ல போயிட்டு வந்துடலாமா?"

போயிட்டு வரலாம். ஆனால் எப்படிப் போவது என்பதில்தான் வீட்டில் இரண்டு நாள் பேச்சு ஓடியது. காரோடு தனி வழிகாட்டி ஒருவரைப் பிடிப்பதா, தெரிந்த வேன்காரரைக் கூப்பிட்டு நாமே சுற்றுவதா, பஸ்ஸில் போய் அங்கே ஓட்டோ பிடிப்பதா? இந்த மூன்றையும் நான் வெவ்வேறு சமயத்தில் செய்து பார்த்திருக்கிறேன். ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா பக்கம் இருந்து புறப்படுபவர்களுக்கும், வெளிநாட்டிலிருந்து சொந்தக்காரர்கள் வந்து இறங்கியிருப்பவர்களுக்கும் உதவும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் இரண்டு இடங்களைத் தள்ளி வைத்துவிடுகிறேன். யுத்த இடங்கள் என்றாலே நம் நாட்டில் எல்லோருக்கும் வடக்குதான் ஞாபகம் வரும். ஆனால் மலைநாட்டிலிருந்து கிளிநொச்சிக்கும் முல்லைத்தீவுக்கும் ஒரே நாளில் போய்த் திரும்ப முடியாது. கண்டியில் தொடங்கும் ஏ9 வீதி யாழ்ப்பாணம் வரை 320 கிலோமீட்டருக்கு மேல் ஓடுகிறது, நாம் கண்டிக்கு வந்து சேரவே பாதிக் காலை போய்விடும். தூரத்தை விட எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. அங்கே பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்கள் இன்னும் அதே மண்ணில் குடியிருக்கிறார்கள், 1977இலும் 1983இலும் இனக்கலவரங்களில் அடிபட்டு நம் தோட்டங்களை விட்டு வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போன நம் சனமும் அவர்களில் உண்டு. அங்கே காசு கொடுத்து வழிகாட்டி வைத்துக்கொண்டு சுற்றிப் பார்க்கப் போவதில் எனக்கு உடன்பாடில்லை. சொந்தக்காரராகப் போங்கள், இரண்டு நாள் தங்குங்கள், அவர்களே கூட்டிக்கொண்டு போய்க் காட்டுவார்கள்.

திருகோணமலையும் அப்படித்தான். 1942 ஏப்ரல் 9ஆம் தேதி ஜப்பான் விமானங்கள் குண்டு போட்ட துறைமுகம், சீனக்குடாவின் எண்ணெய்த் தாங்கிகள், நிலாவெளி வீதியில் 300 பேர் வரை அடக்கமான யுத்தக் கல்லறை என்று பார்க்க நிறைய இருக்கிறது. அதே நாள் மட்டக்களப்புக் கடலில் ஹெர்மிஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பலும் மூழ்கியது. ஆனால் ஹட்டனிலிருந்து போக மட்டும் ஏழு மணி நேரம் வைத்துக்கொள்ள வேண்டும். "ஒரே நாளில் திருகோணமலை" என்று யாராவது விலை சொன்னால், காலை மூன்று மணிக்கு ஏறி நடுச்சாமத்தில் இறங்குவீர்கள், இடையில் ஒரு மணி நேரம் வெயிலில் நிற்பீர்கள், அவ்வளவுதான். ஓர் இரவு தங்க முடிந்தால் மட்டும் போங்கள்.

ஆகவே ஒரு நாளுக்கு மிச்சம் இரண்டு திசைகள்: கீழே கண்டி, பேராதனைப் பக்கம், அல்லது மேலே தியத்தலாவை, பண்டாரவளைப் பக்கம்.

கண்டிப் பக்கம் என்ன இருக்கிறது என்று முதலில் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் வழிகாட்டி தேவையா என்பதற்கான பதில் அதில்தான் இருக்கிறது. அண்ணன் கேட்ட யுத்தக் கல்லறை நகரத்துக்கு வெளியே கொஞ்ச தூரத்தில், தெய்வெனி ராஜசிங்க மாவத்தையில் இருக்கிறது. பொதுநலவாய யுத்தக் கல்லறை ஆணைக்குழு பராமரிக்கும் இடம். நுழைவுக் கட்டணம் கிடையாது. சுமார் 200 பேர் அடக்கம்: பிரித்தானியர், கிழக்கு ஆபிரிக்கர், இந்தியர், இலங்கையர், கனடாக்காரர், இத்தாலியர் கூட ஒரு சிலர். புல் வெட்டி, பூச்செடி வைத்து, அவ்வளவு சுத்தமாக வைத்திருக்கிறார்கள். தளபதியா சிப்பாயா என்று பார்க்காமல் எல்லோருக்கும் ஒரே அளவு அடையாளம். பெயர், படைப்பிரிவு, இறந்த நாள். அங்கே வழிகாட்டி சொல்ல வேண்டியது அதிகம் இல்லை. படிக்கத் தெரிந்தால் போதும், நேரம் இருந்தால் போதும்.

பேராதனைத் தாவரவியல் பூங்கா அதற்கு நேரெதிர். 1944 ஏப்ரலில் நேசநாடுகளின் தளபதி மவுண்ட்பேட்டன் தன் தென்கிழக்கு ஆசியப் படைத்தலைமையகத்தை டில்லியிலிருந்து தூக்கிக்கொண்டு வந்து வைத்தது இந்தப் பூங்காவுக்குள்தான். இந்திய-பர்மா எல்லையில் கொஹிமாவிலும் இம்பாலிலும் ஆட்கள் செத்துக்கொண்டிருந்த அதே மாதம். அதன் பிறகு பர்மா யுத்தத்துக்கு உத்தரவுகள் இந்த மரங்களுக்கடியில் இருந்து போயின. ஜப்பான் சரணடைந்த பிறகு, 1945 கடைசியில், தலைமையகம் சிங்கப்பூருக்குப் போய்விட்டது. அவர் தங்கிய மாளிகை இன்று கண்டியில் ஜனாதிபதி மாளிகை, உள்ளே போக முடியாது. வாவிக்கரையில் ஹோட்டல் சுவிஸ் கூட அப்போது படையின் கையில் இருந்தது. இதெல்லாம் உண்மை. ஆனால் இன்றைக்கு நீங்கள் டிக்கெட் எடுத்து உள்ளே போனால் பார்ப்பது ஓர்க்கிட் வீடு, பனைமர வரிசை, காதலர்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகள். 147 ஏக்கரில் யுத்தம் எங்கே நடத்தப்பட்டது என்று கண்ணுக்குத் தெரியாது. இங்கே தெரிந்தவர் ஒருவர் பக்கத்தில் நின்று சொன்னால்தான் அந்த இடம் வாய் திறக்கும்.

பூங்காவை மூன்று பக்கமும் மகாவலி சுற்றிக்கொண்டு போகிறது. அக்கரைதான் கன்னொறுவை. 1638 மார்ச் 28ஆம் தேதி கண்டி மன்னன் இரண்டாம் ராஜசிங்கன் போர்த்துக்கேயப் படையை அங்கே முறியடித்தான், போர்த்துக்கேயரின் தளபதியும் அதில் செத்தார். ஒரே ஆற்றங்கரையில் 300 வருட இடைவெளியில் இரண்டு யுத்தங்கள். தலதா மாளிகைக்குப் பின்னால் இருக்கும் பழைய பிரித்தானியப் படைமுகாம் கல்லறையையும் நேரம் இருந்தால் சேர்த்துக்கொள்ளலாம். 1815இல் கண்டி இராச்சியம் கைமாறியதில் முன்னின்ற பிரித்தானிய அதிகாரி ஜோன் டொயிலி அங்கேதான் கிடக்கிறார். அங்கே படுத்திருப்பவர்களில் சண்டையில் செத்தவர்களை விட காய்ச்சலில் செத்தவர்கள் அதிகம். தலதா மாளிகை வாசலில் உங்களை ஏன் இவ்வளவு சோதிக்கிறார்கள் என்று கூட வரும் சின்னப் பிள்ளை கேட்டால், 1998 ஜனவரி 25ஆம் தேதி அங்கே நடந்த குண்டுவெடிப்பைப் பற்றியும் சொல்ல வேண்டி வரும். அந்த நாளுக்குப் பிறகு ஹட்டனிலிருந்து கண்டிக்குப் போன தமிழ்ப் பையன்கள் எத்தனை சோதனைச் சாவடிகளில் இறங்கி ஏறினோம் என்பதை எந்த வழிகாட்டியும் சொல்ல மாட்டார், அதை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

சரி, இப்போது ஆள் விஷயத்துக்கு வருவோம்.

நான்கு வருடங்களுக்கு முன் எங்கள் பாடசாலை ஆசிரியர்கள் ஐந்து பேர் சேர்ந்து, ஒரு முகவர் மூலம் காரோடு தனி வழிகாட்டி ஏற்பாடு செய்து போனோம். பெயர் வேண்டாம். காலை ஆறரைக்கு வந்தார், வண்டி நல்ல வண்டி, பேச்சும் மரியாதை. ஆனால் அவருக்கு யுத்தத்தைப் பற்றித் தெரிந்தது மவுண்ட்பேட்டன் என்ற ஒரு பெயர் மட்டும். கல்லறையில் பதினைந்து நிமிடம் நிறுத்தினார், அதற்குப் பிறகு ஒரு வாசனைத் தோட்டத்தில் ஒரு மணி நேரம், ஒரு இரத்தினக்கல் கடையில் முக்கால் மணி நேரம். கிராம்பும் கறுவாவும் விளைகிற நாட்டில் பிறந்த ஐந்து பேருக்குக் கறுவா மரத்தை விளக்கிக் காட்டினார்கள். விஷயம் என்னவென்றால் அந்தக் கடைகளில் நாம் வாங்குவதில் வழிகாட்டிக்குப் பங்கு உண்டு, அதனால் நம் நேரம் அங்கேதான் போகும். முன்கூட்டியே "கடை எதுவும் வேண்டாம், அதற்கு ஏற்ற மாதிரி விலை சொல்லுங்கள்" என்று பேசியிருந்தால் இது நடந்திருக்காது. சில பேர் அதற்காகக் கொஞ்சம் கூட்டிக் கேட்பார்கள், கொடுத்துவிடுங்கள், அது நியாயமான காசு.

இன்னொன்றும் அன்றுதான் விளங்கியது. இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை வழிகாட்டிகளுக்குப் பல வகை அனுமதி கொடுக்கிறது. நாடு முழுதும் விளக்கம் சொல்லத் தகுதி பெற்ற தேசிய வழிகாட்டி ஒரு வகை, வண்டியும் ஓட்டி விளக்கமும் சொல்லும் சாரதி வழிகாட்டி இன்னொரு வகை, அப்புறம் ஒரு பகுதிக்கு அல்லது ஒரே ஓர் இடத்துக்கு மட்டும் அனுமதி உள்ளவர்கள். எங்களுக்கு வந்தவர் சாரதி வழிகாட்டி. அவரைக் குறை சொல்ல மாட்டேன், கினிகத்தேனை வளைவுகளில் வண்டியை ஒடித்துக்கொண்டு வருகிறவர், பேராதனையில் நிறுத்த இடம் தேடி அலைகிறவர், நம்மோடு இரண்டு மணி நேரம் பூங்காவுக்குள் நடந்து கதை சொல்வது எப்படி? யுத்த இடங்களுக்கு என்றே போகிறீர்களானால் ஓட்டுவதும் சொல்வதும் இரண்டு வேறு ஆட்களாக இருப்பது நல்லது.

பிறகு ஒரு தடவை தனியாகப் பஸ்ஸில் போனேன். ஹட்டன்-கண்டி பஸ் கினிகத்தேனை, நாவலப்பிட்டி, கம்பளை வழியாக வந்து பேராதனையைத் தொட்டுத்தான் போகும், அங்கே இறங்கினால் பூங்காவுக்கு நடந்தே போகலாம். பூங்கா முடித்து கண்டிப் பக்கம் வரும்போது ஒரு ஓட்டோ பிடித்துக் கல்லறைக்குப் போய், காத்திருக்கச் சொல்லி, அதே ஓட்டோவில் டவுனுக்கு வந்தேன். செலவு மிகக் குறைவு, வழிகாட்டியோடு போனபோது என் பங்குக்குக் கொடுத்ததில் ஐந்தில் ஒரு பங்கு கூட வரவில்லை. கல்லறையில் ஒன்றரை மணி நேரம் தனியாக நின்றேன், யாரும் அவசரப்படுத்தவில்லை. ஒவ்வொரு பெயராகப் படித்துக்கொண்டு போனபோதுதான் கிழக்கு ஆபிரிக்கப் பெயர்கள் அவ்வளவு இருப்பது கண்ணில் பட்டது. ஏன் இவ்வளவு தூரம் வந்து இங்கே செத்தார்கள் என்று கேட்க அங்கே ஆள் இல்லை. வீட்டுக்கு வந்து தேடிப் படித்தபிறகுதான் பதினோராவது கிழக்கு ஆபிரிக்கப் படைப்பிரிவு பர்மாவுக்குப் போகும் முன் இலங்கையில் வந்து பயிற்சி எடுத்தது என்று தெரிந்தது. 1944 பெப்ரவரியில் மொம்பாசாவிலிருந்து கொழும்புக்கு வந்துகொண்டிருந்த கெடிவ் இஸ்மாயில் என்ற கப்பலை மாலைதீவுக்குப் பக்கத்தில் ஜப்பானிய நீர்மூழ்கி தாக்கி, 1,200க்கும் மேற்பட்டோர் ஒரே நாளில் கடலில் போனார்கள், அவர்களில் பெரும்பகுதி கிழக்கு ஆபிரிக்கப் பீரங்கிப் படையினர். அந்தக் கற்களுக்கு முன்னால் நிற்கும்போது இது தெரிந்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

அதாவது பஸ்ஸில் போனால் நேரம் உங்கள் கையில், ஆனால் அறிவு வீட்டிலிருந்தே எடுத்துக்கொண்டு போக வேண்டும். வயதானவர்களை இப்படிக் கூட்டிப் போக வேண்டாம். நின்றுகொண்டே இரண்டரை மணி நேரம் வளைவுகளில் வந்தால் கண்டியில் இறங்கும்போதே பாதி ஆள் ஆகிவிடுவார்கள். ரயில் வசதிதான், பார்க்கவும் அழகுதான், ஆனால் மழைக்காலத்தில் மண் சரிந்து பாதை நின்றுவிடும், ஓடும் நாளிலும் தாமதமாகும், அதை நம்பி ஒரு நாள் திட்டம் போட்டால் முக்கியமான இடத்தில் நேரம் குறையும்.

அண்ணன் வந்தபோது நான் செய்தது மூன்றாவது வழி. ஊரில் எங்களுக்குத் தெரிந்த வேன்காரரை நாள் முழுக்கப் பேசினேன். எத்தனை கிலோமீட்டர் வரை அந்தக் காசு, அதற்கு மேல் கிலோமீட்டருக்கு எவ்வளவு, காத்திருப்புக்குத் தனியா, அவருடைய சாப்பாடு யார் கணக்கு என்று நான்கையும் முதல் நாளே பேசி முடித்தேன். கண்டியில் இருக்கும், தமிழில் சொல்லக்கூடிய, அனுமதி உள்ள ஒரு வழிகாட்டியைக் காலை ஒன்பதரை முதல் ஒரு மணி வரை மட்டும் தனியாகப் பிடித்தேன். அவர் பேராதனை வாசலில் வந்து சேர்ந்துகொண்டார். முழுநாள் காரோடு வழிகாட்டி கேட்டால் வந்திருக்கும் விலையை விட இது நன்றாகக் குறைந்தது. வேனில் அப்பா, அண்ணன், நான், என் மகள், சாப்பாட்டுப் பார்சல், அப்பாவின் முழங்கால் தைலம் எல்லாம் வசதியாக வந்தன.

தமிழ் பேசும் வழிகாட்டி கிடைப்பது லேசில்லை என்பதை ஒத்துக்கொள்கிறேன். ஆறு பேரிடம் கேட்டுத்தான் கிடைத்தார். ஆங்கிலம் தெரிந்தால் போதாதா என்று மகள் கேட்டாள். அவளுக்குப் போதும், அப்பாவுக்குப் போதாது. எழுபத்தாறு வயது மனிதர் பக்கத்தில் நின்றுகொண்டு நான் ஒவ்வொரு வரியாக மொழிபெயர்த்தால் அவர் கேட்க நினைக்கும் கேள்வி வாய்க்குள்ளேயே போய்விடும். அன்றைக்கு அப்பாதான் அதிகம் கேட்டார்.

தொலைபேசியில் ஆளைத் தேர்ந்தெடுக்க நான் இரண்டு கேள்வி கேட்டேன், நீங்களும் அதையே கேட்கலாம். பேராதனைப் பூங்காவில் 1944இல் என்ன நடந்தது என்பது ஒன்று. கண்டிக் கல்லறையில் ஆபிரிக்கர்கள் ஏன் இருக்கிறார்கள் என்பது இன்னொன்று. முதல் கேள்விக்கு எல்லோரும் பதில் சொன்னார்கள். இரண்டாவதற்கு மூன்று பேர் "வந்து பார்த்துச் சொல்கிறேன்" என்றார்கள். ஒருவர் மட்டும் உடனே சொன்னார், அவரையே பேசிவிட்டேன்.

அவர் எப்படிச் சொன்னார் என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பூங்காவில் ஒரு புல்வெளியில் எங்களை உட்கார வைத்துவிட்டு, முதலில் மவுண்ட்பேட்டனைப் பற்றி எதுவும் பேசவில்லை, அப்பாவிடம் "ஐயா, உங்கள் வீட்டில் யுத்த காலத்தைப் பற்றி என்ன சொல்வார்கள்?" என்று கேட்டார். அப்பா, "அரிசி இல்லை என்று சொல்வார்கள்" என்றார். அதிலிருந்து தொடங்கினார். 1942இல் ஜப்பான் பர்மாவைப் பிடித்ததும் நமக்கு வந்துகொண்டிருந்த அரிசி நின்றது, பங்கீடு வந்தது, கூப்பன் வந்தது. மலாயா விழுந்ததும் நேசநாடுகளுக்கு இறப்பர் கொடுக்க மிச்சமிருந்த பெரிய இடம் இலங்கைதான், மரம் செத்தாலும் பரவாயில்லை என்று வெட்டிப் பால் எடுத்தார்கள். எங்கள் அப்பாயி கோதுமை மா ரொட்டியை "சண்டைக்கால ரொட்டி" என்றுதான் கடைசி வரை சொல்வார், அது ஏன் என்று எனக்கு அன்றைக்குத்தான் சரியாக உறைத்தது.

அப்புறம் அண்ணன் பக்கம் திரும்பினார். இந்தப் புல்வெளியிலிருந்து நடத்தப்பட்ட யுத்தத்தில் தமிழர்கள் இரண்டு பக்கமும் இருந்தார்கள் என்றார். ஒரு பக்கம் பிரித்தானிய இந்தியப் படையில் மெட்ராஸ் ரெஜிமெண்ட். எதிர்ப்பக்கம் சுபாஷ் சந்திர போஸின் இந்திய தேசிய இராணுவத்தில், நம்மைப் போலவே கங்காணி கூட்டிப் போய் மலாயா இறப்பர்த் தோட்டத்தில் விட்ட குடும்பங்களின் பிள்ளைகள். இரண்டிலும் சேராத மலாயாத் தோட்டத் தமிழர்கள் ஆயிரக்கணக்கில் சயாம்-பர்மா ரயில் பாதையில் ஜப்பானியரிடம் வேலை செய்தே மாண்டார்கள். அண்ணன் இருபத்து நான்கு வருடம் படையில் இருந்தவர். ரெஜிமெண்டின் சண்டைகள் எல்லாம் மனப்பாடம், ஆனால் இந்த மூன்று கூட்டத்தையும் ஒரே வாயில் சேர்த்துச் சொல்லி அவர் கேட்டதில்லையாம். வெகுநேரம் பேசாமல் புல்லைப் பிடுங்கிக்கொண்டிருந்தார்.

ஒரு மணிக்கு வழிகாட்டியைக் கண்டியில் இறக்கிவிட்டோம். கல்லறைக்கு அவரைக் கூட்டிப் போகவில்லை. யோசித்துத்தான் அப்படிச் செய்தேன், இப்போதும் அதுதான் சரி என்று நினைக்கிறேன். எங்கே கண்ணுக்கு ஒன்றும் தெரியாதோ அங்கே ஆளுக்குக் காசு கொடுங்கள், எங்கே கல்லில் பெயர் எழுதியிருக்கிறதோ அங்கே தனியாக நில்லுங்கள். அண்ணன் ஒவ்வொரு வரிசையாக நடந்து, இந்தியப் பெயர் வரும் இடத்தில் எல்லாம் நின்று, நேராக நிமிர்ந்து சல்யூட் அடித்துவிட்டு அடுத்ததற்குப் போனார். என் மகள் பின்னாலேயே போய்ப் பெயர்களை நோட்டில் எழுதினாள். அப்பா ஒரு மரத்தடியில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் விளக்கம் சொல்லிக்கொண்டு ஓர் ஆள் நின்றிருந்தால் இதில் எதுவும் நடந்திருக்காது.

அந்த வழிகாட்டியிடம் எனக்கு ஒரே ஒரு குறை. 1940 ஜனவரியில், யுத்தம் தொடங்கி நான்கு மாதத்தில், ஹேவாஹெட்டைப் பக்கம் முல்லோயாத் தோட்டத்தில் வேலைநிறுத்தத்தின்போது பொலிஸ் சுட்டு கோவிந்தன் இறந்தார். மலையகத் தொழிலாளர் போராட்டத்தில் முதலில் சொல்லப்படும் பெயர் அவருடையது. யுத்த காலத்தில் தோட்டத்தில் என்ன நடந்தது என்று பேசும்போது அதை விட்டுவிட முடியாது. கேட்டபோது "அது யுத்தம் இல்லையே சார்" என்றார். என் கணக்கில் அதுவும் அந்தக் காலத்தின் கதைதான். முன்கூட்டியே சொல்லியிருந்தால் படித்துக்கொண்டு வந்திருப்பார், ஆகவே உங்களுக்கு எது முக்கியமோ அதை நாலு நாள் முன்பே சொல்லி வையுங்கள்.

இனி தியத்தலாவை. ஹட்டனிலிருந்து நுவரெலியா, வெலிமடை வழியாக மூன்றரை மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். டச்சு வழிவந்த குடியேறிகளான போயர்களோடு பிரித்தானியர் நடத்திய போயர் யுத்தத்தில் தென்னாபிரிக்காவில் பிடிபட்ட கைதிகளை 1900இல் கப்பலில் கொண்டுவந்து அடைத்த பெரிய முகாம் அங்கேதான் இருந்தது, 5,000 பேர் வரை. 1894இலேயே ரயில் பண்டாரவளை வரை வந்துவிட்டதால் கைதிகளை மலையேற்றுவது எளிதாக இருந்தது. யுத்தம் முடிந்து விசுவாசப் பிரமாணம் எடுத்தவர்களை 1902இல் திருப்பி அனுப்பினார்கள். எடுக்க மறுத்த ஏங்கல்பிரெக்ட் என்பவர் இங்கேயே தங்கி, பிறகு யாலக் காட்டின் முதல் காவலராக ஆனார். முதல் உலகப் போர் தொடங்கியதும் இலங்கையில் இருந்த ஜெர்மன்காரர்களை அதே தியத்தலாவையில் அடைத்தார்கள், ஞானதிலோக என்ற ஜெர்மன் பிக்குவையும் விடவில்லை. இரண்டாம் உலகப் போரிலும் அதே இடம், அதே பிக்கு. கதையாகப் பார்த்தால் கண்டியை விட எனக்கு இதுதான் பிடித்தது. ஊர் கடந்து ஊர் வந்து, குளிரில், தகரக் கொட்டகையில் அடைபட்ட மனிதர்களின் கதை நமக்குப் புரியாமல் வேறு யாருக்குப் புரியும்?

ஆனால் போய்ப் பார்க்க என்று வரும்போது நிலைமை வேறு. தியத்தலாவை இன்றைக்கும் படை நகரம், இராணுவப் பயிற்சிக் கல்லூரியும் விமானப்படைத் தளமும் அங்கே. பழைய முகாம் நிலத்தில் பெரும்பகுதிக்குள் நினைத்தபடி நடக்க முடியாது, படம் எடுக்க முடியாது. ஒரு தடவை நண்பர் ஒருவரோடு சும்மா போய், வாசலில் அடையாள அட்டையைக் கொடுத்து, எங்கிருந்து வருகிறீர்கள், ஏன் வந்தீர்கள் என்ற கேள்விகளுக்கெல்லாம் பதில் சொல்லி, கடைசியில் ரோட்டிலிருந்தே பார்த்துவிட்டுத் திரும்பினோம். மரியாதையாகத்தான் பேசினார்கள். இருந்தாலும் நம் ஆட்களுக்கு அந்தக் கேள்விகள் எந்த ஞாபகத்தைக் கிளப்பும் என்று சொல்ல வேண்டியதில்லை. இங்கே தனி வழிகாட்டிக்குக் கொடுக்கும் காசு கதைக்கு இல்லை, முன்கூட்டியே யாரிடம் அனுமதி கேட்பது என்று தெரிந்து கேட்டு வைத்துக்கொள்வதற்கு. அப்படிச் செய்து தரக்கூடிய, பண்டாரவளைப் பக்கத்து ஆளாக இருந்தால் முழுக் காசும் தகும். "அங்கே போய்ப் பேசிக்கலாம்" என்று சொல்கிறவரானால் வேண்டாம், அதற்கு ரயிலில் ஏறி ஓஹியா, ஹப்புத்தளைக் காற்றை வாங்கிக்கொண்டு நீங்களே போய் வரலாம்.

அந்தப் பக்கம் போகும்போது பிந்துனுவெவவைத் தாண்டாமல் பேச முடியாது. பண்டாரவளைக்குப் பக்கத்தில் இருந்த புனர்வாழ்வு முகாமில் 2000 அக்டோபர் 25ஆம் தேதி கும்பல் புகுந்து இருபத்தைந்துக்கும் மேற்பட்ட தமிழ் இளைஞர்களைக் கொன்றது. எந்தச் சுற்றுலாத் திட்டத்திலும் அந்தப் பெயர் இருக்காது, வழிகாட்டியிடம் கேட்டு அவரைச் சங்கடப்படுத்தவும் வேண்டாம். வண்டியில் உங்கள் பிள்ளைகள் இருந்தால், நூறு வருடத்துக்கு முந்திய கைதிகளைப் பற்றிச் சொன்ன வாயால் இவர்களைப் பற்றியும் நீங்களே சொல்லுங்கள்.

யாருக்கு எது என்று கேட்டால் என் பதில் இதுதான். ஒருவர் இருவராக, நடக்கத் தெம்போடு, முன்னாலேயே படித்துக்கொண்டு போகிறவர்களுக்குப் பஸ்ஸும் ஓட்டோவும் போதும், கண்டிப் பக்கம் மட்டும். வயதானவர்களும் பிள்ளைகளும் சேர்ந்த குடும்பத்துக்கு வேனும், அரை நாள் வழிகாட்டியும். முழு நாள் காரோடு தனி வழிகாட்டி என்பது நாட்டுக்குப் புதிதாக வருகிறவர்களுக்கும், கட்டுநாயக்காவில் இறங்கி மூன்றே நாளில் எல்லாம் பார்க்க வேண்டிய அவசரக்காரர்களுக்கும் பொருந்தும். நம் ஊர்க்காரர்களைப் பொறுத்தவரை அந்தப் பணத்தில் பாதிக்கு நமக்குத் தேவைப்படாத வசதியை வாங்குகிறோம். தியத்தலாவை மட்டும் இதற்கு விலக்கு, அங்கே ஆள் இல்லாமல் வேலை நடக்காது.

சில சின்ன விஷயங்கள். பேராதனையில் உள்நாட்டவருக்கும் வெளிநாட்டவருக்கும் கட்டணம் வேறு வேறு, வித்தியாசம் அதிகம். அண்ணன் பிறந்தது இங்கேதான் என்று கவுண்டரில் எவ்வளவு சொன்னாலும் இந்தியப் பாஸ்போர்ட் வெளிநாட்டுப் பாஸ்போர்ட்தான், ஆகவே செலவுக் கணக்கில் அதை முதலிலேயே போட்டுக்கொள்ளுங்கள். இரட்டைக் குடியுரிமை உள்ளவர்கள் தேசிய அடையாள அட்டையை மறக்காமல் கொண்டு வரட்டும். தலதா மாளிகையும் சேர்த்துப் போவதென்றால் முழங்காலும் தோளும் மூடிய உடுப்பு. கல்லறைக்குக் கட்டணம் இல்லை, பூ வைக்க நினைத்தால் கண்டி டவுனிலேயே வாங்கிக்கொண்டு போங்கள், பக்கத்தில் கடை இல்லை. ஐப்பசி, கார்த்திகையில் மதியத்துக்கு மேல் மழை கொட்டும், அந்த மாதங்களில் வரிசையை மாற்றி, காலையில் முதலில் கல்லறைக்குப் போய்விட்டு அதற்குப் பிறகு பூங்காவுக்கு வாருங்கள். மகள் எழுதிய நோட்டை அண்ணன் கேட்டு வாங்கிக்கொண்டு போனார், வெலிங்டனில் பழைய ஆட்களிடம் காட்ட வேண்டுமாம். நீங்களும் ஒரு நோட்டும் பேனாவும் எடுத்துக்கொண்டு போங்கள்.